அணைத்த சூடம்

பூனாகலை
04.03.2024

தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். கையில் போன் இருக்கும்போது இவளுக்கு எதற்குக் கடிதம் என்று நீ முணுமுணுப்பது இங்கேயே கேட்கிறது. நீ எடுக்கும் போன் கோலையெல்லாம் நான் வெட்டிவிடுவது வேண்டுமென்றுதான். போனில் நீ "அக்கா" என்று இழுத்தால் போதும், என் கோபம் கரைந்துபோகும். உன் பிள்ளைகளுக்குச் சளியா காய்ச்சலா என்று கேட்டுவிட்டு வைத்துவிடுவேன். சொல்ல வந்தது தொண்டையிலேயே நின்றுவிடும். தாளில் நீ அப்படி இழுக்க முடியாது.

உன் முதலாளி அனுப்பிய உருளைக்கிழங்கு மூட்டை முளைவிட்டுவிட்டது. என் காலுக்கு அவர் கொடுத்தது அந்த ஒரு மூட்டைதான். பாதியைச் சமைத்தோம், மீதி மூலையில் கிடக்கிறது.

முந்தின வருடத் தீபாவளிச் செலவுக்கு ஆகுமே என்று ஞாயிற்றுக்கிழமை அவருடைய தோட்டத்தில் கிழங்கு தோண்ட வந்தவர்கள் நாங்கள். எங்களை ஏற்றிப் போனது அவருடைய லொறி. வளைவில் அது ரோட்டோரக் கானுக்குள் சரிந்ததும் என் கால் அதன் அடியில் மாட்டியதும் இந்தத் தேயிலைத் தோட்டம் முழுக்கத் தெரியும். ஆனாலும் நட்டஈடு கேட்டு நான் போட்ட மனு தள்ளுபடியாகிவிட்டது. லொறியை ஓட்டியது யார் என்று கேட்டார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். யார் ஓட்டினார் என்று சொல்லத் தெரியாதவள் அந்த லொறியில்தான் வந்தாள் என்பதற்கு என்ன சாட்சி என்று முடித்துவிட்டார்கள். கூட வந்த பெண்கள் வாயைத் திறக்கமாட்டார்கள். திறந்தால் ஞாயிற்றுக்கிழமை வேலை போய்விடும்.

பதுளையில் ஏழைகளுக்குக் காசு வாங்காமல் வழக்குப் பேசும் சிவரூபி மிஸ் மேன்முறையீடு போட்டிருக்கிறார். யாழ்ப்பாணத்துப் பிள்ளை, கெட்டிக்காரி. ஏப்ரல் 22ஆம் திகதி மறுபடி விசாரணை. இந்த முறை ஓட்டியவரின் பெயரைச் சொல்லியே ஆக வேண்டும் என்கிறார். நான் எப்படிச் சொல்வேன்?

போன வருடம் தை மாதம் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த கையோடு, பொலிஸ் விசாரிக்க வருகிறது என்று தெரிந்ததும், என்னை முதுகில் சுமந்து மாரியம்மன் கோயில் படியேற்றினாயே, நினைவிருக்கிறதா? சன்னதிக்கு முன்னால் கல்லில் சூடம் கொளுத்தினாய். "இந்த விசயத்துல எம் பேரு ஒன் வாயில வராதுன்னு அணைச்சுக் குடுக்கா" என்றாய். உள்ளங்கையால் அணைத்துக் கொடுத்தேன். அன்றிலிருந்து உன் பெயரை நான் சொன்னதுமில்லை, எழுதியதுமில்லை. இந்த உறையின் மேலே இருக்கும் பெயர்கூட என் மகள், உன் மருமகள் விதுஷா எழுதியது.

உன்னிடம் காசு கேட்கவில்லை. சாட்சிக்கும் கூப்பிடவில்லை. ஒரு நாள் வந்து, அதே கல்லில் அந்தச் சூடத்தைத் திரும்ப ஏற்றி என்னை விடுவித்துவிட்டுப் போ.

அக்கா
தவமணி


வெலிமடை
14.03.2024

அன்புள்ள அக்காவுக்கு,

கடிதத்தை லொறிக்குள் உட்கார்ந்து படித்தேன். உறையைப் பார்த்ததும் கடன் கொடுத்த லீசிங்காரன் நோட்டீஸ் அனுப்பிவிட்டானோ என்று பயந்தேன். உள்ளே உன் கையெழுத்தைப் பார்த்ததும் பயம் கூடிவிட்டது. நான் பள்ளிக்கூடம் போகாமல் கள்ளமடித்த நாட்களில் விளக்குமாற்றோடு வாசலில் நிற்பாயே, உன் எழுத்தும் அப்படித்தான் நிற்கிறது.

முதலாளியைக் கெட்டவர் என்று மட்டும் நினைத்துவிடாதே. உன்னைப் பார்த்துக்கொள்வதாகப் போன கிழமையும் சொன்னார். எப்போது என்று கேட்டேன். இந்தப் போகம் முடியட்டும் என்றார். போன போகத்திலும் அதைத்தான் சொன்னார் என்று நீ சொல்வாய். தெரியும்.

என் பெயர் வெளியே வந்தால் என்ன நடக்கும் என்று யோசித்துப் பார். சாமான் ஏற்றும் லொறியில் ஆள் ஏற்றியது ஒரு குற்றம். ஓட்டிக் கவிழ்த்தது இன்னொரு குற்றம். லைசன்ஸ் போய்விடும். ஸ்டியரிங்கைப் பிடிப்பதைத் தவிர எனக்கு வேறு என்ன தெரியும்? மூத்தவன் இந்த வருடம்தான் பள்ளிக்கூடம் சேர்ந்திருக்கிறான். இளையது இன்னும் பால் குடிக்கிறது. நீ உன் கால் ஒன்றைப் பார்க்கிறாய். நான் இங்கே மூன்று வயிற்றைப் பார்க்கிறேன். இப்படி எழுதக் கூடாதுதான். எழுதிவிட்டேன், கோபப்படாதே.

சாமி முன்னால் கொடுத்த வாக்கைக் கிளறவும் எனக்குப் பயமாக இருக்கிறது. சத்தியம் என்றால் சத்தியம்தானே? வேண்டும்போது போட்டு, வேண்டாதபோது கழற்ற அது என்ன சட்டைப் பொத்தானா?

லீக்ஸும் கரட்டும் கட்டி பஸ் கொண்டக்டரிடம் கொடுத்துவிட்டிருக்கிறேன். சூப் வைத்துக் குடி. எலும்புக்கு நல்லதாம்.

உன் தம்பி
கிருஷ்ணராஜ்


பூனாகலை
25.03.2024

தம்பிக்கு,

உன் லீக்ஸைக் கட்டோடு திருப்பி அனுப்பத்தான் இருந்தேன். நான் யோசித்து முடிப்பதற்குள் விதுஷா வெட்டிச் சட்டியில் போட்டுவிட்டாள். சாப்பிட்டோம். ருசியாகத்தான் இருந்தது. அதுவும் எனக்கு எரிச்சல்.

"உன் கால் ஒன்று" என்று எழுதியிருக்கிறாய். அந்த ஒன்று இப்போது எப்படி இருக்கிறது என்று கோயிலுக்குப் போன நாளுக்குப் பிறகு நீ வந்து பார்த்ததில்லை, அதனால் சொல்கிறேன். உள்ளே தகடு வைத்த இடத்தில் இன்னும் சீழ் வருகிறது. கால் கட்டையாகிப்போனதில் நான் நடந்தால் பக்கத்து வீட்டுக் காம்பராப் பிள்ளைகள் சிரிக்கிறார்கள். கக்கூஸ் நம் லயத்து வீடுகளுக்குக் கீழே சரிவில் இருக்கிறது என்பது உனக்குத் தெரியும். மழை பெய்தால் விதுஷாவின் தோளைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்து உட்கார்ந்து இறங்குகிறேன். தண்ணீர் குடிப்பதைக் குறைத்துக்கொண்டேன். இதைப் பெற்ற மகளிடம்கூட சொல்ல வெட்கம். உன்னிடம் எழுதுகிறேன் பார்.

விடியக்காலையில் பெரட்டுக்கு வேலையாட்களைப் பெயர் கூப்பிடும் சத்தம் கேட்கும்போது நான் படுத்துக் கிடக்கிறேன். கொழுந்து பறிக்க மலையில் நிற்க இனி இந்தக் கால் உதவாது. தோட்டத்துப் பதிவில் என் பெயரை வெட்டிவிட்டால் குடியிருக்கும் இந்தக் காம்பராவும் நமக்குச் சொந்தமில்லை என்று ஆபீசில் சாடையாகச் சொல்லிவிட்டார்கள். விதுஷா மே மாதம் சாதாரண தரப் பரீட்சை எழுதுகிறாள். எழுதி முடித்ததும் கார்மென்ட் வேலைக்குப் போகிறேன் என்கிறாள். அவளுடைய அப்பா உயிரோடு இருந்தால் இந்தப் பேச்சு வந்திருக்குமா? நட்டஈடு வந்தால் அவள் மேலே படிப்பாள், நானும் வாசலில் ஒரு சின்னக் கடை போட்டு உட்கார்ந்துவிடுவேன். நான் கேட்பது அவ்வளவுதான். உன் முதலாளியின் தோட்டத்தையா எழுதிக் கேட்கிறேன்?

சிவரூபி மிஸ்ஸிடம் சூடத்தைப் பற்றிச் சொல்லிவிட்டேன். அந்தப் பிள்ளை பேனையை மூடி வைத்துவிட்டு என்னையே பார்த்தது. "அக்கா, அது சட்டத்தில செல்லாது. நீங்கள் ஏன் உதுக்குப் பயப்பிடுறியள்?" என்று கேட்டது. "சட்டத்துக்குச் செல்லாதுங்க மிஸ். எனக்குச் செல்லுமே" என்றேன்.

பூசாரி இராமையாவிடமும் ஆளனுப்பிக் கேட்டேன். படியேற முடியாதவள் என்று அவரே லயத்துக்கு வந்தார். "வாங்குனவன்தாம்மா விடுவிக்கணும். அதே எடத்துல அவன் கையால ஏத்தி, நான் வாங்குன வாக்க விட்டுட்டேன் தாயேன்னு சொல்லணும். நீ எத்தனை சூடம் கொளுத்துனாலும் ஆகாது" என்றார்.

சத்தியத்தைக் கழற்ற அது சட்டைப் பொத்தானா என்று கேட்டாயே, அந்தப் பொத்தானைப் போட்டது யார்? நீ பிறந்த நாளிலிருந்து நான் உன்னிடம் எதுவும் கேட்டதில்லை. இதைக் கேட்கிறேன்.

அக்கா


வெலிமடை
08.04.2024

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டுச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு லோட் ஏற்றப் போனேன். எத்தனை மூட்டை ஏற்றினேன் என்று கணக்குப்பிள்ளை கேட்டபோது சொல்லத் தெரியவில்லை.

கக்கூஸ் விஷயத்தை நீ எழுதியிருக்கக் கூடாது. எழுதியது நல்லதுதான். எனக்கு எதையும் ஒழுங்காகச் சொல்ல வரவில்லை.

அந்த வளைவு எனக்குப் புதிதில்லை. எத்தனை தடவை வந்த வளைவு. உங்களை இறக்கிவிட்டு அடுத்த தோட்டத்து ஆட்களையும் ஏற்றி வா என்று முதலாளி போனில் அவசரப்படுத்தினார். டயர் மொட்டையாகிவிட்டது என்று மாதக் கணக்காகச் சொல்லிக்கொண்டிருந்தேன். அதெல்லாம் உண்மை. ஆனால் வேகமாக ஓட்டியது அவர் கால் இல்லை, என் கால். பின்னால் பெண்கள் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தீர்கள். உன் குரல்தான் பெரிதாகக் கேட்டது.

அக்கா, கோயிலுக்கு மட்டும் என்னைக் கூப்பிடாதே. லயத்து வழியாகத்தான் படிக்குப் போக வேண்டும். அந்த லொறியில் வந்த இராக்கம்மாவும் மற்றவர்களும் வாசலில் நிற்பார்கள். அவர்கள் திட்டினாலும் பரவாயில்லை. திட்டாமல் பார்த்தால்தான் என்னால் தாங்க முடியாது. நீ வேறு என்ன சொன்னாலும் செய்கிறேன்.

வருடப் பிறப்புக்கு விதுஷாவுக்கு ஒரு சட்டை அனுப்புகிறேன். அளவு தெரியவில்லை. எவ்வளவு வளர்ந்திருக்கிறாள்?

கிருஷ்ணராஜ்


வெலிமடை
17.04.2024

அக்கா,

இது அவசரக் கடிதம். நேற்று பொலிஸில் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். லொறியை ஓட்டியது நான்தான், ஆட்களை ஏற்றச் சொன்னது முதலாளி, என் அக்கா அதற்கு அடியில்தான் மாட்டினாள் என்று வாக்குமூலம் கொடுத்துக் கையெழுத்து வைத்தேன். சிவரூபி மிஸ்ஸுக்கும் போன் பண்ணிச் சொன்னேன். "நல்ல காரியம் செய்தியள்" என்றார். அந்த ஒரு வார்த்தைக்கு நடு ரோட்டில் நின்று அழுதேன்.

லைசன்ஸை வாங்கி வைத்துக்கொண்டார்கள். முதலாளி என்னை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார். பரவாயில்லை, கையும் காலும் நன்றாகத்தானே இருக்கிறது.

இனிமேல் நீ பயமில்லாமல் சொல்லலாம். நானே என் பெயரைச் சொல்லிவிட்ட பிறகு சூடம் எதற்கு? கோயிலுக்கு நான் வரத் தேவையில்லைதானே? 22ஆம் திகதி நல்லபடியாகப் பேசு.

கிருஷ்ணராஜ்


பூனாகலை
24.04.2024

தம்பிக்கு,

நீ பொலிஸுக்குப் போன செய்தியைக் கேட்டு நான் அழுத அழுகையை விதுஷாவிடம் கேள். பெருமையா, வயிற்றெரிச்சலா, எனக்கே விளங்கவில்லை. பிள்ளைக்குப் பால்மா இருக்கிறதா? மறைக்காமல் எழுது.

இனி நடந்ததைச் சொல்கிறேன். கோபப்படுவாய். படு.

22ஆம் திகதி விதுஷாவும் நானும் முதல் பஸ்ஸில் பதுளைக்குப் போனோம். உன் வாக்குமூலத்தை வாசித்தார்கள். முதலாளியின் லோயர் எழுந்து, இவன் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவன், அந்த ஆத்திரத்தில் அக்காவோடு சேர்ந்து கதை கட்டுகிறான் என்றார். அன்றைக்கு லொறி ஷெட்டை விட்டு வெளியே போகவே இல்லை என்றும் சொன்னார். விசாரிக்கிற ஐயா என்னைப் பார்த்து, "அம்மா, நீங்கள் சொல்லுங்கள். லொறியை ஓட்டியது யார்?" என்று கேட்டார்.

வாயைத் திறந்தேன். உன் பெயர் நுனி நாக்கு வரைக்கும் வந்தது. கை தானாகப் பொத்திக்கொண்டது. உள்ளங்கையில் சூடம் சுட்ட இடம் வட்டமாக இன்னும் இருக்கிறது. என்னால் முடியவில்லை. திரும்பக் கேட்டார். அப்போதும் முடியவில்லை. அந்த லோயர் சிரித்தார். அடிபட்ட பெண்ணே இவன் பெயரைச் சொல்லவில்லை, இதற்கு மேல் என்ன வேண்டும் என்றார்.

சிவரூபி மிஸ் கெஞ்சிக் கூத்தாடி மே 20ஆம் திகதிக்கு ஒரு தவணை வாங்கினார். அதுதான் கடைசியாம். வெளியே வந்ததும் அந்தப் பிள்ளைக்குக் கண் கலங்கிவிட்டது. "அக்கா, அவர் தன்ர வேலையை விட்டுட்டு வந்து உண்மையைச் சொல்லியிருக்கிறார். நீங்கள் ஒரு பேரைச் சொல்ல மாட்டியளா?" என்றது. பண்டாரவளை வரைக்கும் விதுஷா பஸ்ஸில் வேறு சீட்டில் போய் உட்கார்ந்துகொண்டாள். பிறகு, "மாமாவ விட ஒங்களுக்கு அந்தக் கல்லுதான் பெருசு" என்றாள்.

அவளுக்கும் விளங்கவில்லை, மிஸ்ஸுக்கும் விளங்கவில்லை. உனக்கு விளங்க வேண்டும். நீ பொலிஸில் சொன்னது உன் மனதில் இருந்த பாரம். அதை நீ இறக்கிவிட்டாய். என் மேல் ஏற்றியது அப்படியே இருக்கிறது. நான் வாக்கை மீறினால் அது யார் தலையில் விழும் என்று நினைக்கிறாய்? உன் பெயரில்தான் வாங்கினாய். உன் தலையில்தான் விழும். உன் பிள்ளைகளுக்கு ஒரு காய்ச்சல் வந்தால்கூட என்னால்தான் என்று சாகும்வரை நினைத்துக்கொண்டிருப்பேன். கால் போனதைத் தாங்கிவிட்டேன். அதைத் தாங்கமாட்டேன்.

நீ பொலிஸுக்குப் போகத் துணிந்தவன். லயத்து வாசலில் நான்கு பெண்களைத் தாண்டி வரத் துணிவில்லையா?

அக்கா


வெலிமடை
05.05.2024

அன்புள்ள அக்காவுக்கு,

கோபம் வந்தது. கடிதத்தைக் கசக்கி எறிந்தேன். பிறகு உன் தம்பி பெண்டாட்டி எடுத்து நீவிப் படித்துவிட்டு, "ஒங்க அக்கா ஒங்கள காப்பாத்தத்தான் ஊமையா நின்னுருக்காங்க. நீங்க என்னடான்னா கோவப்படுறீங்க" என்றாள். அதற்குப் பிறகு நான் சோறு சாப்பிடவில்லை.

பால்மா இருக்கிறது. நான் இப்போது இன்னொருவருடைய தோட்டத்தில் கிழங்கு தோண்டுகிறேன். காலையில் எங்களையும் லொறியில்தான் ஏற்றிப் போகிறார்கள். பின்னால் நின்று வரும்போது ஒவ்வொரு வளைவிலும் பலகையை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறேன். நீங்கள் எல்லோரும் எப்படிப் பாடிக்கொண்டு வந்தீர்கள்?

பத்தாம் திகதி வெள்ளிக்கிழமை முதல் பஸ்ஸில் வருகிறேன். சூடம் நானே வாங்கி வருகிறேன். நீ படிக்கட்டுப் பக்கம் வந்து நிற்க வேண்டாம், காம்பராவிலேயே இரு. அன்றைக்குத் தூக்கிப் போன மாதிரியே உன்னைத் தூக்கிப் போகிறேன். மெலிந்துவிட்டாய் என்று விதுஷா போனில் சொன்னாள். எனக்கும் முதுகுவலிதான், கொஞ்சம் சௌகரியமாக இருக்கும்.

கிருஷ்ணராஜ்


பூனாகலை
21.05.2024

அன்புள்ள தம்பி கிருஷ்ணராஜுக்கு,

எழுதிவிட்டேன். எழுதிவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். உனக்குப் பெயர் வைத்த அன்று மூன்று முறை உன் காதில் என்னைச் சொல்லச் சொன்னார்கள், அதற்குப் பிறகு உன் பெயரை இவ்வளவு கவனமாக நான் சொன்னதில்லை.

பத்தாம் திகதி படியில் உனக்கு மூச்சு வாங்கியபோது இறக்கிவிடடா என்றேன். நீ கேட்கவில்லை. இராக்கம்மா வாசலில் நின்று உன்னைக் கிழிகிழியென்று கிழித்தாளே, அவள் திட்டத் திட்ட உன் தோள் தளர்ந்து வந்தது எனக்குத் தெரிந்தது. திரும்பி வரும்போது செம்பில் தண்ணீர் கொடுத்ததும் அவள்தான். நேற்று அவள் பதுளைக்கு வரவில்லை. வருவதாகச் சொன்னாள், காலையில் பயந்துவிட்டாள். அவள் மேல் எனக்குக் கோபமில்லை.

கல்லில் சூடம் ஏற்றி, "நான் வாங்குன வாக்க விட்டுட்டேன் தாயே" என்று நீ சொன்னபோது குரல் உடைந்துபோனது. அது முழுவதுமாக எரிந்து அடங்கும்வரை நாம் இருவரும் பார்த்துக்கொண்டே இருந்தோம். யாரும் கையால் அணைக்கவில்லை.

நேற்று அந்த ஐயா அதே கேள்வியைக் கேட்டார். அந்த லோயர் சிரிக்க ஆயத்தமாக உட்கார்ந்திருந்தார். நான் கம்பை ஊன்றி எழுந்தேன். "என் தம்பி கிருஷ்ணராஜ்தாங்க ஓட்டுனான். நல்லா ஓட்டுறவன். மொட்ட டயரு, அன்னைக்கு அவசரப்படுத்தி ஓட்டச் சொன்னாங்க. அவனும் ஓட்டிட்டான்" என்றேன். இவ்வளவு நாளும் ஏன் சொல்லவில்லை என்று லோயர் மடக்கினார். காரணத்தைச் சொன்னேன். கையை விரித்துக் காட்டினேன். அந்த ஐயா கண்ணாடியைக் கழற்றிவிட்டு என் உள்ளங்கையைப் பார்த்தார். பிறகு குனிந்து எழுதினார்.

தீர்ப்பு இன்னும் வரவில்லை. கிடைக்கும் என்று மிஸ் சத்தியம் செய்து தரவில்லை. நானும் கேட்கவில்லை, நமக்கு இந்த வீட்டில் சத்தியம் போதும். "இனி எங்கட பக்கம் ஒரு கதை இருக்கு அக்கா" என்றுதான் சொன்னார். கிடைத்தாலும் உன் மேல் உள்ள வழக்கு போகாது. உன் லைசன்ஸை நினைத்தால் எனக்கு நெஞ்சு எரிகிறது. நீ தண்டனை வாங்க நான்தான் வாய் திறந்தேன் என்பதையும் மறக்க முடியவில்லை. நியாயம் என்று கேட்கப் போனால் இப்படித்தான் போலிருக்கிறது, இரண்டு பக்கமும் வலிக்கிறது.

விதுஷா பரீட்சை எழுதி முடித்துவிட்டாள். நீ அனுப்பிய சட்டை அவளுக்குக் கையில் இறுக்கமாக இருக்கிறது. அடுத்த முறை கேட்டுவிட்டு வாங்கு. கோல் எடு, இனி வெட்டமாட்டேன்.

உறையின் மேல் பெயர் எழுத அவள் பேனையோடு வந்தாள். வேண்டாம் என்று வாங்கி நானே எழுதினேன்.

அக்கா
தவமணி